சுஜிதனின் பின்னணி இசை

2021ஆம் ஆண்டு மாசி மாதம், ஒரு செவ்வாய்க்கிழமை காலை பத்தேகால் மணிக்கு, ஒட்டுசுட்டானிலிருந்து காட்டுப்பக்கமாக ஆறு மைல்கட்டை தள்ளியிருக்கும் வீரைமோட்டையில், அப்புத்துரையின் மகன் சுஜிதனுக்குப் பின்னணி இசை தொடங்கியது. அவனுக்கு மட்டும் கேட்டிருந்தால் வவுனியாவுக்குக் கூட்டிப்போய்க் காது வைத்தியரிடம் காட்டியிருப்பார்கள். ஊருக்கே கேட்டது. சுஜிதனுக்கு அப்போது முப்பத்திரண்டு வயது. குளத்துத் திட்டத்தில் காணி கிடைத்து யாழ்ப்பாணத்திலிருந்து வந்த குடும்பம். தகப்பன் போய்ச் சேர்ந்துவிட்டார், தாய் சிவனேஸ்வரி மட்டும் இருந்தார். சுஜிதன் பிறருடைய உழவு இயந்திரங்களை ஓட்டிப் பிழைத்தான். கோழி உரிக்கிற இடத்தில் நிற்கமாட்டான். அட்டை கடித்தால் கத்துவான். கூட்டத்தில் பேசச் சொன்னால் சாரத்தின் நுனியைத் திருகுவான். அவனை யாரும் வெறுத்ததில்லை, உண்மையைச் சொன்னால் யாரும் கவனித்ததுமில்லை.

அன்றைக்கு அவன் பிரசாந்தனுடைய கடையில் ஒரு பற்றறிக்காகக் காத்திருந்தான். பிரசாந்தன் கலியாணத்துக்கும் கோயிலுக்கும் செத்தவீட்டுக்கும் ஒலிபெருக்கி கட்டுகிறவன். அப்போது நான்கு பேர் இரண்டு மோட்டார் சைக்கிள்களில் வாள்களோடு வந்து இறங்கினார்கள். தங்கள் கூட்டாளியின் பிறந்தநாளுக்குப் பிரசாந்தன் பாட்டுப்பெட்டி தர மறுத்துவிட்டான் என்பதுதான் கோபம். கோயிலில் கொடியேற்றம், அதனால்தான் தரமுடியவில்லை என்று சொல்லவந்தவனை அவர்கள் சொல்லி முடிக்க விடவில்லை. முதல் வீச்சிலேயே பிரசாந்தனின் இடது கை விரல்கள் இரண்டு அம்பிளிபையரின் மேல் விழுந்தன. ஊரில் அப்போது கரண்ட் இல்லை. ஒரு வயரும் எதிலும் செருகியிருக்கவில்லை. இதைப் பிரசாந்தன் பிறகு எத்தனையோ பேரிடம் சத்தியம் பண்ணிச் சொல்லியிருக்கிறான். அப்படியிருந்தும், விரல்கள் விழுந்த கையோடு எங்கிருந்தோ தாழ்ந்த குரலில் வயலின்கள் இழுபடத் தொடங்கின. அதற்குமேல் ஒரு முரசு, முதலில் மெதுவாக, பிறகு வேகமாக. கடைசியில் நான்கு சுரத்தில் ஒரு கொம்பு. சுஜிதன் கதிரையை விட்டு எழுந்தான். எழுந்தவன், இருந்தவனைவிட அரையடி உயரமாக இருந்தான்.

மைக் பூட்டும் இரும்புத் தண்டை அவன் கையில் எடுத்தான். காற்றில்லாத கடைக்குள் அவன் தோளில் கிடந்த துவாய் பின்பக்கமாகப் பறந்தது. தண்டு வந்து சேர்வதற்கு எச்சில் விழுங்கும் நேரம் பிடித்தது என்று பிரசாந்தன் சொல்கிறான். விலகிக்கொள்ள எல்லாருக்கும் நேரம் இருந்தது, ஆனால் ஒருவரும் விலகவில்லை. இசை அவர்களுக்கும் கேட்டது. தங்கள் பங்கு என்னவென்று தெரிந்தவர்கள்போல நின்று வாங்கினார்கள். ஒருவனுக்குத் தாடை இரண்டாகப் போனது. ஒருவனுக்கு முழங்கால் பின்பக்கமாக மடிந்தது. மூன்றாமவன் ஒரு கண்ணை அந்தக் கடையின் சீமெந்துத் தரையில் விட்டுவிட்டுப் போனான். நான்காமவன், அடி படாமலேயே ஐந்து முழம் பறந்து வாய்க்காலில் விழுந்தான். விரல்களைப் பக்கத்துக் கடை ஐஸ் பக்கெட்டில் போட்டு ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். ஒட்டமுடியாது என்று சொல்லிவிட்டார்கள். சுஜிதன் பற்றறியைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குப் போனான், அவனுக்குப் பின்னால் இசையும் போனது. சிவனேஸ்வரி சோறு போடும்வரை அது முற்றத்தில் நின்று, பிறகு அடங்கியது.

வீரைமோட்டை நீண்டகாலமாகப் பயந்துபோய்க் கிடந்த ஊர். மணல் அள்ளுகிறவன், வாள் தூக்குகிறவன், ஆனை என்று எல்லாவற்றுக்கும் பயம். அப்படிப்பட்ட ஊருக்கு ஒரு சூப்பர் ஹீரோ கிடைத்தால் வேண்டாம் என்று சொல்லுமா? மாலையில் ரி.வி.யில் சிவப்புப் போர்வை போர்த்திய வீரன் ஒருவனின் தொடர் தமிழில் ஓடிக்கொண்டிருந்தது. அது தொடங்கும்போது ஊதும் கொம்பைக் கேட்டால் சோற்றுக் கோப்பையோடு எல்லாரும் ஓடிவருவார்கள். இப்போது அதற்குப் பஞ்சமில்லை. சுஜிதன் தெருவில் இறங்கினால் நேராகவே கேட்டது. மணல் டிப்பர்க்காரர்கள் ஆறுபேரைக் குளக்கட்டில் வைத்து அடித்துக் கலைத்தான். வயலுக்குள் வந்த கொம்பன் ஆனை ஒன்று, முரசு கேட்டதும் காதை மடித்துக்கொண்டு திரும்பிப் போனது. பெற்றோல் வரிசை மைல்கணக்கில் நின்ற காலத்தில், இடையில் புகுந்த ஒருவனின் தலையை அவனுடைய பெற்றோல் கானிலேயே மோதினான். கான் நசுங்கியது, வரிசை கைதட்டியது. ஊர் அவனைச் சுஜி அண்ணை என்று கூப்பிடத் தொடங்கியது, அவனைவிட இருபது வயது மூத்தவர்கள்கூட. சிவனேஸ்வரிக்குக் கோயிலில் முதல் வரிசை கிடைத்தது.

பிரசாந்தன் ஒருவன்தான் இதைப்பற்றி வேறுமாதிரி யோசித்தான். சத்தத்தோடு பிழைக்கிறவனுக்கு அது தெரியாமல் போகாது. தேத்தண்ணிக் கடையில் ஒருநாள், மூன்று விரல் கையால் ரி.வி.யின் சத்தத்தை அடியோடு குறைத்துவிட்டு, "இப்ப பாருங்கோ," என்றான். போர்வைக்காரன் வாயைத் திறந்து மூடிக்கொண்டு வானத்தில் போனான். வயிற்றில் பட்டி கட்டித் தொங்கவிட்டிருப்பது எல்லாருக்கும் தெரிந்தது. கட்டடம் இடிந்து கீழே ஓடுகிற சனங்களின் முகமும் அன்றுதான் தெரிந்தது. "ஆளைப் பறக்க வைக்கிறது கொம்புதான். அதை எடுத்துப்போட்டா ஒருத்தன் தொங்குறான், மற்றவை சாகினம், அவ்வளவுதான்." கடையில் இருந்தவர்கள் சிரித்துவிட்டுச் சத்தத்தைக் கூட்டினார்கள். பிரசாந்தனும் அதற்குமேல் கதைக்கவில்லை. மிச்சக் கை சுஜிதன் கொடுத்தது என்ற நினைப்பு அவனுக்கு இருந்தது.

அடுத்த ஆண்டு, அந்தப் பெற்றோல் வரிசைக் காலத்திலேயே, இசைக்குள் ஒரு மாற்றம் வந்தது. சுஜிதன் யாருக்கு எதிராகக் கை ஓங்குகிறானோ அவனுக்குப் பின்னாலும் இசை எழத் தொடங்கியது. அது வேறு இசை. கிணற்றுக்குள் எதையோ இழுப்பதுபோல அடித்தொண்டையில் உறுமும். அதைக் கேட்டால் அந்த ஆளின் முகமே மாறித் தெரியும். நேற்றுவரை சாதாரணமாகத் தெரிந்த மூக்குக் கோணலாகத் தெரியும், சிரிப்பு இளக்காரமாகத் தெரியும். மாட்டை வயலில் விட்டவனுக்கு உறுமியது. கோயில் கூட்டத்தில் சுஜிதனை எதிர்த்துக் கதைத்த ஓய்வுபெற்ற ஆசிரியருக்கு உறுமியது. அவருக்கு இரண்டு விலா எலும்புகள் போயின. அடிக்கப்பட்ட பிறகு ஒருவன் கெட்டவனா என்று யாரும் கேட்கவில்லை, உறுமல் கேட்டதல்லவா என்றார்கள். அடி வாங்கியவர்களிலேயே சிலர், தாங்கள் ஏதோ பிழை செய்துதான் இருக்கவேண்டும் என்று நம்பினார்கள். எனக்கு இதை எழுதும்போதே ஆத்திரம் வருகிறது. நானும் கைதட்டியிருக்கிறேன்.

குளத்தின் கடைசி வாய்க்கால் பக்கம் மலையகத்திலிருந்து வந்த குடும்பங்கள் பதினொன்று இருந்தன. எழுபத்தேழுக் கலவரத்தில் தேயிலைத் தோட்டங்களில் அடிபட்டு, உடுத்த துணியோடு வன்னிக்கு வந்தவர்களின் பிள்ளைகள். அவர்களில் விஜிதரன் என்பவன் வாய்க்காலில் முறைத் தண்ணீர் திருப்பும் வேலை செய்தான். எந்த வயலுக்கு எத்தனை மணிக்குத் தண்ணீர் என்பது அவன் தலைக்குள் இருந்தது. ஒருநாள்கூடப் பிசகியதில்லை. மனைவி தர்மிளா, ஆறு வயதில் ஒரு மகள் யதுர்ஷிகா. 2022 சிறுபோகத்தில் குளத்தில் தண்ணீர் குறைவு. ஆனி மாதம் ஒரு காலையில் பார்த்தால், பெரிய வாய்க்காலின் அணை இரண்டு முழ அகலத்துக்கு உடைந்து, தண்ணீரெல்லாம் கடைசிப் பக்கத்து வயல்களில் நின்றது. கடைசிப் பக்கத்தார் வயல்கள் என்றால் விஜிதரனுடைய ஆட்களின் வயல்கள். அணையை வெட்டியது யார் என்று கேட்கவே யாருக்கும் தோன்றவில்லை.

குளக்கட்டில் மருத மரத்தடியில் கமக்காரர் கூட்டம் கூடியது. காலை ஒன்பது மணி, நல்ல வெயில். விஜிதரன் ஓடிவந்தான், கால் முழுக்கச் சேறு. "வந்து பாருங்கய்யா, ஆன ஏறி ஒடச்சிருக்கு. கால்தடத்துல தண்ணி நிக்குது, வந்து பாருங்க," என்று சொன்னான். உடைந்த இடம் அங்கிருந்து இருநூறு யார் தூரம்தான். யாரும் அசையவில்லை, ஏனென்றால் அவனுக்குப் பின்னால் உறுமல் எழுந்துவிட்டது. சேறு படிந்த அவன் கால் களவு செய்த கால்போலத் தெரிந்தது. கெஞ்சிய குரல் நடிப்புப்போலக் கேட்டது. சுஜிதன் குளத்துக் கதவு திறக்கும் இரும்புத் திருகியை எடுத்துக்கொண்டு வந்தான். வயலின், முரசு, கொம்பு, அன்றைக்கு அவற்றோடு நூறுபேர் சேர்ந்து பாடுவதுபோல ஒரு கூட்டக் குரலும் இருந்தது. அவ்வளவு நல்ல இசையை வீரைமோட்டை அதற்கு முன் கேட்டதில்லை. பலர் கண் கலங்கினார்கள். திருகி முதலில் தோளில் இறங்கியது, பிறகு முதுகில், விஜிதரன் கையால் தலையை மறைத்தபோது அந்தக் கையில், கை தொங்கிய பிறகு தலையில். பதினான்கு அடி. கொம்பு கடைசிச் சுரத்தை ஊதியபோது அவன் குளக்கட்டிலிருந்து உருண்டு தண்ணீரின் ஓரத்தில் போய்க் கிடந்தான். வயலில் களை பிடுங்கிக்கொண்டிருந்த தர்மிளா வந்து சேர்ந்தபோது கூட்டம் கைதட்டிக்கொண்டிருந்தது.

பொலிஸ் வந்து இருபத்தாறு பேரிடம் வாக்குமூலம் எழுதியது. இருபத்தாறும் ஒன்றுபோல இருந்தன. விஜிதரன் அணையை வெட்டியவன், பிடிக்கப் போன சுஜிதனைத் தாக்க வந்தவன், கால் தடுக்கிக் குளக்கட்டிலிருந்து விழுந்தவன். ஒருவர்கூடப் பொய் சொல்லவில்லை என்பதுதான் கொடுமை. இசையோடு பார்த்ததை இசையோடுதான் நினைவில் வைத்திருந்தார்கள், அந்த நினைவில் அப்படித்தான் இருந்தது. தர்மிளா ஒவ்வொரு வீட்டுப் படலையிலும் போய் நின்றாள். அவளுக்கு வேறொன்றும் தேவைப்படவில்லை. தன் புருசன் களவெடுக்கவில்லை, அவரை அடித்துக் கொன்றார்கள், இந்த இரண்டு வசனத்தையும் தன்னைத் தவிர இன்னொரு வாய் சொல்லவேண்டும். "அவனுக்குப் பின்னால உறுமினது கேட்டதுதானே, பிள்ளை," என்று எல்லாரும் இரக்கத்தோடுதான் சொன்னார்கள். ஆஸ்பத்திரி நடையில், பிரேதத்தைத் தருவார்கள் என்று காத்திருந்தபோது, யதுர்ஷிகா வாயை மூடிக்கொண்டு ஏதோ முணுமுணுத்தாள். தர்மிளா குனிந்து கேட்டாள். அந்த நான்கு சுரம். தகப்பனைக் கொன்ற கொம்பைப் பிள்ளை முணுமுணுத்துக்கொண்டிருந்தது. தர்மிளா அதன் வாயில் அறைந்துவிட்டு, பிறகு கட்டிப்பிடித்துக்கொண்டு இருந்தாள்.

எங்கள் பக்கத்தில் ஒரு வழக்கம் உண்டு. ஊரில் பிரேதம் கிடந்தால், அதை எடுத்து எரிக்கும்வரை யாரும் பாட்டுப் போடமாட்டார்கள். கோயில் திருவிழா என்றாலும் ஒலிபெருக்கி நிற்கும். கலியாண வீட்டு மேளமும் நிற்கும். பாடை போகிற தெருவில் பஸ்காரன்கூட ரேடியோவை நிறுத்திவிட்டுத்தான் போவான். சண்டை பிடித்துப் பத்து வருடம் முகம் பாராதவனும் இந்த வழக்கத்தை மீறமாட்டான். விஜிதரனைக் கெடாமலிருக்க எம்பாம் பண்ணிப் பெட்டியில் வைத்து, மூன்றாம்நாள் மத்தியானம் வான் வண்டியில் கொண்டுவந்தார்கள். வான் ஊர் எல்லைக்குள் வந்த நேரம் சுஜிதன் சந்தியில் நின்று, எதற்காகவோ ஒருவனுடைய சேட்டுக் கொலரைப் பிடித்து உலுக்கிக்கொண்டிருந்தான். முரசு ஏறி, கொம்பு தொடங்கவேண்டிய இடம். பிளக்கைக் கழற்றியதுபோல எல்லாம் நின்றது. அந்த இசை எங்கிருந்து வந்ததோ தெரியாது, ஆனால் அதற்கும் ஊர் வழக்கம் தெரிந்திருந்தது. சுஜிதனின் துவாய் தொங்கிப்போய்விட்டது. சந்தியில் நின்றவர்கள், தோள் கூனிய, வியர்த்த ஒருத்தன் இன்னொருத்தனின் சேட்டுப் பொத்தானைப் பிய்த்துக்கொண்டு நிற்பதைக் கண்டார்கள். பிடிபட்டவன் கையைத் தட்டிவிட்டுத் தன்பாட்டில் போனான்.

செத்தவீட்டுக்குக் கடைசிப் பக்கத்தாரைத் தவிர வேறொருவரும் வரவில்லை, பிரசாந்தனைத் தவிர. அவன் வேலிக்கரையில் கதிரை போட்டு வெகுநேரம் இருந்துவிட்டுத் தர்மிளாவைக் கூப்பிட்டான். "தங்கச்சி, அவன் இல்லையெண்டா எனக்கு இந்தக் கையே இல்லை. நன்றி கெட்டவன் எண்டு நினைக்காதை. ஆனா நான் சத்தத்தோட வாழுறவன். ரெண்டு நாளா அந்த இசைதான் எனக்கு ஞாபகத்தில இருந்தது. இப்ப, இந்தப் பெட்டி வந்தாப்பிறகு, அதை எடுத்துப்போட்டு நினைச்சுப் பாக்கிறன்." அவன் பெட்டியைத் திரும்பிப் பார்த்தான். "உன்ர மனுசன் ஆனை எண்டு சொன்னது இப்பதான் எனக்குக் கேக்குது." தர்மிளா கேட்டாள், "இவரத் தூக்கிட்டா, அந்தச் சத்தம் திரும்பி வந்துருமா?" பிரசாந்தன், "வரும்," என்றான். "வந்தா எனக்கும் மறந்துபோகும்." அன்று பின்னேரம் பாடை கட்ட வந்தவர்களைத் தர்மிளா திருப்பி அனுப்பினாள்.

முதல் இரண்டு நாள் ஊர் பொறுத்தது. மூன்றாம்நாள் ஐயர் வந்து சொன்னார், நான்காம்நாள் கிராம சேவகர் வந்து சொன்னார், ஐந்தாம்நாள் சுகாதாரப் பரிசோதகர் மூக்கில் கைக்குட்டையோடு வந்து, கைக்குட்டையை எடுத்துவிட்டு, நாற்றமில்லை என்று எழுதிக்கொண்டு போனார். எம்பாம் ஐந்து நாளுக்குத்தான் தாங்கும் என்று செய்தவர்கள் சொல்லியிருந்தார்கள். ஆறாம்நாளும் விஜிதரன் அப்படியே கிடந்தான். தண்ணீர் முறைக்குக் காத்திருக்கிற நேரத்தில் கண்ணை மூடிக்கொண்டு இருப்பானே, அப்படி. தலைக் காயத்தில் வைத்த பஞ்சுகூட மஞ்சளாகவில்லை. பொறுமைசாலி என்று கடைசிப் பக்கத்தார் சொல்லிக்கொண்டார்கள். மற்றப் பக்கத்தில் சுஜிதனுக்கு நாட்கள் சரியாகப் போகவில்லை. உயரம் அரையடி குறைந்துவிட்டது. கடையில் வரிசையில் நிற்கச் சொன்னார்கள். டிப்பர்க்காரர்கள் இரண்டுபேர் அவனைக் கண்டு சிரித்தார்கள். வீட்டில் கண்ணாடிக்கு முன்னால் நின்று அந்த நான்கு சுரத்தையும் வாயால் ஊதிப் பார்த்தான். காற்றுத்தான் வந்தது.

ஒன்பதாம்நாள் காலை பத்து மணிக்குச் சுஜிதன் மண்வெட்டியோடு தர்மிளாவின் முற்றத்துக்கு வந்தான். பெட்டியைத் தானே கொண்டுபோய் எரிக்கப்போவதாகச் சொன்னான். பின்னால் ஊரே வந்தது. என்ன நடக்கும் என்று பார்க்க வந்தவர்கள், என்னையும் சேர்த்து. தர்மிளா வாசலில் குறுக்கே நின்றாள். "விலத்தி நில்," என்றான். அவள் விலகவில்லை. மண்வெட்டிப் பிடியால் அவள் இடுப்பில் அடித்தான். அடிக்குச் சத்தம் உண்டு என்பது வீரைமோட்டைக்கு அன்றுதான் தெரியவந்தது. ஈரமான, மொத்தமான சத்தம். அதன்பின் அவளுடைய மூச்சு வெளியே போன சத்தம். இரண்டாவது அடியில் அவள் கை எலும்பு முறிந்தது, காய்ந்த சுள்ளியை மிதித்ததுபோலக் கேட்டது. யதுர்ஷிகா கத்தினாள். சுஜிதனும் சும்மா அடிக்கவில்லை, மூச்சு வாங்கினான், மூக்கால் தண்ணீர் வடிந்தது, பயந்தவன்போல அழுதழுது அடித்தான். அங்கு நின்ற ஒவ்வொருவருக்கும் அந்தச் சத்தம் புதிதாக இருக்கவில்லை. குளக்கட்டில் பதினான்கு தடவை அதே சத்தம் கேட்டிருந்தது. இசைக்கு அடியில் இருந்ததை, இப்போது ஒவ்வொன்றாக எண்ணினார்கள்.

முதலில் ஓடிப்போய்ப் பிடித்தது பிரசாந்தன். மண்வெட்டி அவன் மூன்று விரல்களுக்குள் சிக்கியது. பிறகு எல்லாரும் விழுந்தார்கள். ஒருத்தன் சுஜிதனின் வயிற்றில் உதைத்தான், ஒருத்தி விளக்குமாற்றால் முகத்தில் இழுத்தாள், ஆசிரியர்கூடத் தன் ஊன்றுகோலைத் தூக்கினார். நான்காவது அடியோடு எல்லாம் நின்றுபோனது. உதைத்தவன் தன் காலைப் பார்த்தான். தங்கள் அடியின் சத்தமும் அதேமாதிரித்தான் இருந்தது. இசையில்லாமல் ஒரு மனிதனை நீண்ட நேரம் அடிக்க முடியாது என்பதை அந்த முற்றத்தில் நின்றவர்கள் கண்டார்கள். யாரும் யாரையும் பார்க்கவில்லை. தர்மிளா சுவரைப் பிடித்து எழுந்து, உடைந்த கையை மறுகையால் தாங்கிக்கொண்டு, "பொலிசுக்கு வாங்க," என்றாள். "பாத்தத சொல்லுங்க. அதுபோதும்." அன்று பத்தொன்பது பேர் போய்ப் பழைய வாக்குமூலத்தை மாற்றினார்கள். சுஜிதனை விளக்கமறியல் சிறையில் வைத்தார்கள்.

வழக்கு உடனே முடியுமா? தவணைமேல் தவணையாக மூன்று ஆண்டு போனது. பெட்டியை எடுத்தால் சாட்சிகளுக்கு மறந்துபோகும் என்பதால் தர்மிளா எடுக்கவில்லை, இப்போது எடு என்று யாரும் சொல்லவுமில்லை. மூன்று ஆண்டும் வீரைமோட்டையில் கலியாணங்கள் மேளமில்லாமல் நடந்தன. கோயில் திருவிழா நடக்கவேயில்லை. பிரசாந்தன் லைட் மட்டும் வாடகைக்குவிட்டுப் பிழைத்தான். ரி.வி.யில் போர்வைக்காரன் சத்தமில்லாமல் தொங்கிக்கொண்டிருந்தான், கொஞ்சநாளில் அவனைப் பார்ப்பதை விட்டுவிட்டார்கள். தர்மிளா காலையில் விஜிதரனின் முகத்தைத் துடைத்துவிட்டு வயலுக்குப் போவாள். பள்ளிக்கூடத்திலிருந்து வந்து யதுர்ஷிகா பெட்டிக்குப் பக்கத்தில் இருந்து வாய்ப்பாடு சொல்வாள். புருசனை எரிக்காமல் வைத்திருக்கிற பெண்ணுக்கு நெஞ்சில் என்ன இருந்திருக்கும் என்று கேட்டால், ஒவ்வொரு நாளும் செத்தவீடு என்று அவள் ஒருமுறை சொன்னாள்.

2025 ஆவணியில் முல்லைத்தீவு நீதிமன்றத்தில் சாட்சி விசாரணைக்கு நாள் குறித்தார்கள். வழக்கம் ஊருக்குள்தான் செல்லும், முல்லைத்தீவு இருபது கட்டைக்கு அப்பால். அங்கே சுஜிதன் சிறைச்சாலை பஸ்ஸை விட்டு இறங்கும்போது கொம்பு ஊதினால் பத்தொன்பது பேருக்கும் பழையபடி மறந்துபோகும் என்று பிரசாந்தன் பயந்தான். தர்மிளா யோசிக்கவேயில்லை. லாண்ட்மாஸ்டர் உழவு இயந்திரத்தின் இழுவையில் வைக்கோல் பரப்பி விஜிதரனைப் பெட்டியோடு ஏற்றினார்கள். வழிநெடுகத் தேத்தண்ணிக் கடைகளில் பாட்டு நின்றது. ஒட்டுசுட்டான் சந்தியில் ஒரு பஸ் ரேடியோவை நிறுத்திவிட்டு வழிவிட்டது. நீதிமன்ற மதிலுக்கு வெளியே வேப்பமர நிழலில் பெட்டியை இறக்கினார்கள். இதென்ன என்று காவலுக்கு நின்ற பொலிஸ்காரர் கேட்டார். பிரேதம் என்றார்கள். அவர் தொப்பியைக் கழற்றிக் கக்கத்தில் வைத்துக்கொண்டார். சிறைச்சாலை பஸ் வந்தது, சுஜிதன் இறங்கினான், ஊரே மூச்சைப் பிடித்தது. விலங்குச் சங்கிலியும் செருப்பும் மட்டும் கேட்டன.

பத்தொன்பது பேரும் சொன்னார்கள். எதிர்ப்பக்கச் சட்டத்தரணி, அணையை வெட்டியவன் விஜிதரன் இல்லை என்பதற்கு ஆதாரம் என்ன என்று கேட்டார். கால்தடமோ மூன்று மழைக்கு முன்பே போய்விட்டது. அப்போது யாரும் எதிர்பாராதபடி சிவனேஸ்வரி எழுந்தார். பட்டியலில் அவர் பெயர் இல்லை. நீதிபதி அனுமதித்து மறுநாள் கேட்டார், அந்த இரவு முழுவதும் பெட்டி வேம்படியிலேயே இருந்தது. சாட்சிக் கூண்டில் சிவனேஸ்வரி மகனைப் பார்க்காமல் சொன்னார்: "அண்டைக்கு விடிய நான் கீரை பிடுங்கப் போனனான். ஆனை அணையில ஏறி இறங்கினதைக் கண்ணால கண்டனான். சொல்லத்தான் கூட்டத்துக்கு வந்தனான், ஐயா. என்ர பிள்ளைக்குப் பின்னால அந்த இசை வந்திட்டுது. அது அவ்வளவு வடிவா இருந்தது. வாய் திறக்க எனக்கு மனம் வரேல்லை." பிறகு, "விஜிதரன் களவெடுக்கேல்லை. அடிச்சுக் கொன்றது என்ர மோன்," என்றார். தர்மிளா கேட்க மூன்று ஆண்டு காத்திருந்த இரண்டு வசனமும் அவைதான். அவள் வெளியே போய் வேம்படியில் பெட்டியின்மேல் தலையை வைத்துக்கொண்டாள்.

அடுத்தநாள் விஜிதரனை ஊர்ச் சுடலையில் எரித்தார்கள். ஒருநாள் பழைய உடல்போல எரிந்தான். பறை அடித்தார்கள், எல்லாப் பக்கத்தாரும் வந்தார்கள், சிவனேஸ்வரி மட்டும் தர்மிளா வீட்டுப் படலைக்கு வெளியே நின்றுவிட்டுப் போனார். சுஜிதனுக்குத் தண்டனை ஐப்பசியில் கிடைத்தது. அதற்கு முன்பே, எட்டாம்நாள் சடங்கான எட்டுச் செலவு முடிந்த மறுநாள் காலை தர்மிளா நாற்று முடியோடு வரப்பில் போனபோது, அவளுக்குப் பின்னால் வயலின்கள் இழுபடத் தொடங்கின. பிறகு முரசு. பிறகு, கொம்பு. வீடுகளிலிருந்து சனங்கள் வெளியே வந்து, முதலில் அவள் கையைப் பார்த்தார்கள். நாற்றுத்தான் என்று கண்டு உள்ளே போய்விட்டார்கள். தர்மிளா நின்று திரும்பினாள். பிந்தி வந்த சொந்தக்காரனை ஏசுவதுபோல, ஆளில்லாத வரப்பைப் பார்த்து உரத்துக் கேட்டாள், "எம் புருசன் குளக்கட்டுல அடி வாங்கயில நீ எங்க போயிருந்த? அவரு பின்னால ஒருதரம் ஊதியிருந்தா, ஒருத்தனாவது அந்தத் தடத்த வந்து பாத்திருப்பானே?"

கொம்பு பாதிச் சுரத்தில் நின்றது. வயலின்கள் கொஞ்சநேரம் தயங்கிவிட்டுத் தாழ்ந்த குரலில் தொடர்ந்தன. அவள் போ என்று சொல்லவுமில்லை, வா என்று சொல்லவுமில்லை, சேற்றில் இறங்கி நட்டாள். இப்போதும் வயல் வேலை நாட்களில் அந்தப் பக்கம் போனால் கேட்கலாம். வெயில் ஏறியதும் அடங்கிவிடும்.